நாற்பத்தோராயிரம் தடவை ஒரே நாள்

காலைச் சாப்பாட்டு நேரத்தில் முப்பத்தேழு பேருக்கும் ஒரே சமயத்தில் நினைவு நின்றுபோனது.

சாப்பாட்டுக் கூடத்தில் உட்கார்ந்திருந்தவர்கள் பிட்ட இட்லியைக் கையில் வைத்துக்கொண்டு அதையே பார்த்தார்கள். சிலர் பக்கத்தில் இருப்பவரைப் பார்த்து லேசாக நாற்காலியை நகர்த்திக்கொண்டார்கள். காந்திமதி டீச்சர் மட்டும் அப்போது நடந்துகொண்டிருந்தார். தினமும் எல்லாருக்கும் டீ ஊற்றுவது அவர் தானாக எடுத்துக்கொண்ட வேலை. கையில் இருந்த கேனை என்னவென்று தெரியாமல் பார்த்தார். சூடு தெரிந்ததும் விட்டுவிட்டார். இடது கை முழுக்கக் கொதிக்கும் டீ.

"யம்மா! யார் வீடு இது? எனக்குப் பள்ளிக்கூடத்துக்கு நேரமாச்சு!" என்று கத்தினார். அவர் பள்ளிக்கூடத்தை விட்டு ஒன்பது வருடம் ஆகியிருந்தது.

நாற்பத்தொரு நொடி. அதற்குப் பிறகு நினைவு திரும்பியது. டீச்சர் நர்ஸைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு, வெந்த கையை நீட்டி, "இது எப்படிம்மா ஆச்சு?" என்று கேட்டார்.

பாளையங்கோட்டையில், ஆற்றுக்குப் போகும் சாலையில் இருந்தது அந்த இல்லம். ஒன்பது வருடங்களுக்கு முன் தென் மாவட்டங்களில் ஒரு மாதம் அடித்த மூளைக் காய்ச்சலில் பிழைத்தவர்கள் அங்கே இருந்தார்கள். காய்ச்சலுக்கு முந்தியது எல்லாம் அவர்களுக்கு நினைவிருக்கும். அதற்குப் பிந்தியது பத்து நிமிடம்கூடத் தங்காது. அவர்களுடைய காதுக்குப் பின்னால் ஒரு கம்பெனி ஒரு சிறிய கருவியைப் பொருத்தியது. பார்ப்பதும் கேட்பதும் அந்தக் கருவி வழியாக இல்லத்தில் இருக்கும் சர்வர் கணினிக்குப் போகும். சர்வரில் ஓடும் ஒரு ஜாவா புரோகிராம் அதை வைத்துக்கொள்ளும். அவர்கள் எதையாவது நினைக்கும்போது அதைத் திருப்பிக் கொடுக்கும். முப்பத்தேழு பேரின் ஒன்பது வருட வாழ்க்கை அந்த ஒரு புரோகிராமுக்குள் இருந்தது. கம்பெனி நாலாவது வருடமே மூடப்பட்டது. புரோகிராம் மட்டும் ஒரு நாள்கூட நிற்காமல் ஓடிக்கொண்டிருந்தது.

அதைப் பார்த்துக்கொள்ள இருந்த ஒரே ஆள் ஜன்னத். மேலப்பாளையத்துக்காரி, நாற்பது வயது. அழகான திரையோ பொத்தான்களோ அந்தப் புரோகிராமுக்குக் கிடையாது. கணினித் திரையின் கறுப்புக் கட்டத்தில் ஒரு கட்டளையைத் தட்டினால் நாலு வரி எண்கள் வரும். இவ்வளவு இடம் நிறைந்திருக்கிறது, இத்தனை தடவை நின்றிருக்கிறது, இத்தனை நொடி. ஐந்து வருடமாக அந்த எண்களைப் பார்த்துப் பார்த்து, டாக்டர் நாடி பார்ப்பதுபோல அவளுக்கு அது பழகியிருந்தது.

டாக்டர் இருதயராஜ் சட்டைக் கையில் டீக் கறையோடு சர்வர் அறைக்குள் வந்தார். இல்லத்தின் பொறுப்பு அவருடையது.

"எவ்வளவு?"

"தொண்ணூத்தேழு சதவீதம் டாக்டர். போன வாரம் தொண்ணூறுதான் இருந்தது."

"நிறைஞ்சா நிறையட்டுமே. ஏன் நிக்குது?"

"புதுசா ஒண்ணு வைக்க இடம் வேணும்ல. அதுக்காக எல்லாத்தையும் நிறுத்திட்டு உள்ளே பெருக்கும். எந்த நினைவோடயும் ஒட்டாம தனியாக் கிடக்கறதைக் குப்பைன்னு எடுத்துக் கடாசும். எப்பவும் நடக்கறதுதான். அரை நொடிகூட ஆகாது, யாருக்கும் தெரியாது. இப்ப எவ்வளவு பெருக்கினாலும் குப்பையே கிடைக்கல. அதனால விடாம பெருக்கிட்டே இருக்கு."

"மெமரி வாங்கிப் போடுவோம். இன்னைக்கே மதுரைக்கு ஆளை அனுப்பறேன்."

"போட்டாலும் எடுத்துக்காது டாக்டர். உனக்கு இவ்வளவு இடம்தான்னு ஆரம்பிக்கும்போதே சொல்லி ஓட விட்டிருக்காங்க. மாத்தணும்னா நிறுத்தித் திரும்ப ஆரம்பிக்கணும்."

"நிறுத்தினா?"

"ஒன்பது வருஷமும் போயிடும். நினைவை டிஸ்க்ல எழுதி வைக்கிற வேலையை அவங்க முடிக்கவே இல்ல. உள்ள இருக்கறதை மொத்தமா ஒரு நகல் எடுக்கலாம். ஆனா அது எக்ஸ்ரே மாதிரி. பார்க்கலாம், திரும்ப உள்ளே வைக்க முடியாது."

டாக்டர் கடிகாரத்தைப் பார்த்தார். "புரோகிராம் தானா விழுந்து நிக்க எவ்வளவு நேரம் இருக்கு?"

"இதே வேகத்துல போனா சாயங்காலம் நாலு மணி."

மணி அப்போது ஒன்பது இருபது.

எது இடத்தை அடைக்கிறது என்று எண்ணிப் பார்க்க ஒரு கட்டளை இருந்தது. ஆனால் எண்ணுவதற்கு முன்னால் அது ஒருமுறை முழுக்கப் பெருக்கும். பார்ப்பதற்கே எல்லாரையும் நிறுத்த வேண்டும். நர்ஸுகள் ஓடி ஓடி முப்பத்தேழு பேரையும் கட்டிலில் படுக்க வைத்தார்கள். அடுப்புகளை அணைத்தார்கள். மாடிப்படிக் கதவைப் பூட்டினார்கள். டாக்டர் தலையசைத்ததும் ஜன்னத் கட்டளையைத் தட்டினாள்.

ஐம்பத்தாறு நொடி. சுவருக்கு அந்தப் பக்கம் ஆண்களும் பெண்களும் காய்ச்சலடித்த அந்த மாதத்தில் விழித்துக்கொண்டு அம்மாவையும் புருஷனையும் கூப்பிட்டார்கள். யாரோ கதவைத் தட்டி, "என்னைய எதுக்கு அடைச்சு வச்சிருக்கீக?" என்று அழுதார்கள். ஜன்னத் திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

வந்த பட்டியலின் முதல் வரியிலேயே விடை இருந்தது. இடத்தில் பாதிக்கு மேல் ஒரே வகை: ஒன்றை நினைத்துப் பார்க்கும்போது அதிலிருந்து உண்டாகும் மறுபிரதி. எல்லாருக்கும் அதில் நூறு இருநூறு இருக்கும். ஆள்வாரியாகப் பிரித்துக் கேட்டாள். பத்தொன்பதாம் எண்ணுக்கு மட்டும் நாற்பத்தோராயிரம். அத்தனையும் ஒரே நாளின் பிரதிகள்.

"ஒரே நாளை நாற்பத்தோராயிரம் தடவை நினைச்சிருக்கார் டாக்டர். ஒவ்வொரு தடவையும் அந்த நாள் முழுசா இன்னொண்ணு உண்டாகி, முந்தினதோட கோர்த்துக்கிட்டே போயிருக்கு. எல்லாம் ஒட்டியிருக்கறதால எதையும் குப்பைன்னு எடுக்கல."

"என்ன தேதி?"

சொன்னாள். டாக்டர் மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார். அவருக்கு அந்தத் தேதி தெரியும்.

பத்தொன்பதாம் எண் பேச்சிமுத்து. காய்ச்சலுக்கு முன் மினி பஸ் ஓட்டியவர். காய்ச்சலுக்குப் பின் இரண்டு வருடம் கழித்து அவருக்கும் கோமதிக்கும் ஒரு பெண் பிறந்தாள். நித்திலா. அப்போது அவர் வீட்டில்தான் இருந்தார், கருவி நன்றாக வேலை செய்தது, பிள்ளையைத் தூக்கிக்கொண்டு தெருத்தெருவாகச் சுற்றினார். அவளுக்கு ஐந்து வயதானபோது ஒரு ஞாயிற்றுக்கிழமை ஆற்றுக்குக் குளிக்கக் கூட்டிப் போனார். துண்டை எடுக்கத் திரும்பினார். திரும்பிப் பார்த்தபோது பிள்ளை படித்துறையில் இல்லை. அதற்குப் பிறகு அவரால் வீட்டில் இருக்க முடியவில்லை. இரண்டு வருடமாக இல்லத்தில்தான் இருக்கிறார். கோமதி தினமும் காலையில் வந்து சாயங்காலம் போவாள்.

அவர்கள் இருவரையும் டாக்டர் தன் அறைக்குக் கூப்பிட்டார். ஜன்னத் விஷயத்தைச் சொன்னாள். எவ்வளவு மெதுவாகச் சொல்ல முடியுமோ அவ்வளவு மெதுவாக.

பேச்சிமுத்து குறுக்கே பேசாமல் கேட்டார். பிறகு, "என்னாலதான் எல்லாருக்கும் நின்னு நின்னு போவுதா?" என்றார்.

"உங்க தப்புன்னு சொல்லலண்ணே."

"தப்புன்னு சொல்லலைன்னாலும் அதான." அவர் தன் கைகளைப் பார்த்தார். "நான் வேணும்னு நெனைக்கல. துண்டை எடுக்கத் திரும்புதேன்லா, அதுக்கு முன்னால அவ என்னமோ சொன்னா. என்ன சொன்னான்னு காதுல சரியா விழல. அதைக் கேட்டுரலாம்னுதான் திரும்பத் திரும்பப் போறேன். ஒரு தடவையாவது கேட்டுரலாம்னு."

கோமதி சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அந்த ஒரு நாளை உங்ககிட்ட இருந்து கழட்டி விடற கட்டளை ஒண்ணு புரோகிராம்ல இருக்கு," என்றாள் ஜன்னத். "அதைக் கழட்டினா பிரதிகளும் தனியா நின்னுடும். அடுத்த தடவை பெருக்கும்போது எல்லாம் போயிடும். பாதி இடம் கிடைக்கும்."

"அப்போ எனக்கு அவ செத்தது தெரியாது."

"தெரியாது."

"மாட்டேன்," என்றார் உடனே. "அங்க அவகூட வேற யாரும் இல்ல மேடம். நானும் போயிட்டேன்னா அந்தப் படியில பிள்ள தனியால்லா நிக்கும்?"

டாக்டர் ஏதோ சொல்ல வாயெடுத்தார். அதற்குள் அடுத்த நிறுத்தம் வந்துவிட்டது. பேச்சிமுத்துவின் முகம் சட்டென்று வெறுமையானது. அறையைச் சுற்றிப் பார்த்தார். கோமதியைப் பார்த்ததும் சிரித்தார். "ஏட்டி, நீ எப்ப வந்த? காய்ச்சல் விட்டுருச்சு. வண்டி எடுக்கப் போணும்," என்றார். அந்த நேரத்துக்கு அவர் மறுபடி காய்ச்சல் மாதத்து முப்பத்திரண்டு வயதுக்காரர். கோமதி அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். அறுபத்தெட்டு நொடி கழித்து அந்தச் சிரிப்பு அப்படியே அழிந்து, இரண்டு வருடம் சேர்த்துவைத்த முகம் திரும்ப வந்தது. அதை மூன்று பேரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

வெளியே ஒரு பெண் அலறினாள். பேச்சிமுத்து எழுந்து கதவைத் திறந்தார். வராந்தாவில் காந்திமதி டீச்சர் தரையில் உட்கார்ந்திருந்தார். வெந்த கையில் போட்டிருந்த கட்டு எதற்கென்று தெரியாமல் அதைப் பிய்த்து எறிந்திருந்தார். தோலும் அதோடு வந்திருந்தது.

பேச்சிமுத்து குனிந்து துணியை எடுத்துக் கொடுத்தார். நர்ஸ் வந்து டீச்சரைக் கூட்டிப் போகும்வரை அங்கேயே நின்றார். திரும்பி வந்து உட்கார்ந்ததும், "கழட்டிருங்க மேடம்," என்றார்.

அவர் கோமதியிடம் திரும்பினார். "நான் கேப்பேம்லா, பிள்ள எங்கன்னு. என்ன சொல்லுவ?"

"எங்க அம்மா வீட்டுக்குப் போயிருக்கான்னு சொல்லுவேன்."

"எத்தன நாளைக்குச் சொல்லுவ?"

"நீங்க கேக்குத வரைக்கும் சொல்லுதேன்."

"பள்ளிக்கூடம் உண்டேம்பேன்."

"அங்கனயே சேத்துருக்குன்னு சொல்லுதேன்."

"உனக்கு அது பெரும்பாடுட்டி."

"பரவால்ல," என்றாள் கோமதி.

பகல் ஒரு மணிக்குத் தொண்ணூற்றெட்டரை சதவீதம் நிறைந்திருந்தது. ஜன்னத் டாக்டரைத் தனியாகக் கூப்பிட்டாள்.

"கழட்டறதுக்கு முன்னால ஒரு நகல் எடுத்துப் பார்த்துடறேன் டாக்டர். அந்த நாளோட வேற என்னென்ன ஒட்டியிருக்குன்னு தெரியணும்."

"நகல் எடுக்க எவ்வளவு நேரம் நிக்கும்?"

"இப்ப இருக்கற அளவுக்குப் பதினைஞ்சு நிமிஷம்."

"ஒரு நிமிஷத்துக்கே பாத்தீங்கள்ல? பதினைஞ்சு நிமிஷம் தாங்க மாட்டாங்க. ரெண்டு பேருக்கு வலிப்பு வர்ற உடம்பு. புரோகிராமே பாதியில விழுந்துட்டா?"

"விழலாம்."

"அப்ப வேண்டாம். ஒரு நாளைத்தானே கழட்டறோம்?"

ஜன்னத்துக்குப் பதில் இருந்தது. சொல்லவில்லை. ஒரு நாளைக் கழட்டினால் ஒரு நாள்தான் போகும் என்று அவளுக்கு உறுதியாகத் தெரியாது. ஆனால் மணி ஓடிக்கொண்டிருந்தது. சுவருக்கு அந்தப் பக்கம் எல்லாரும் மறுபடி கத்தத் தொடங்கியிருந்தார்கள்.

ஒன்று நாற்பதுக்கு எண்ணையும் தேதியையும் தட்டினாள். சரிதானா என்று மூன்று தடவை பார்த்தாள். என்டர் விசையை அமுக்கினாள். துண்டிக்கப்பட்டது என்று ஒரு வரி வந்தது. பிறகு அவளே பெருக்கச் சொல்லும் கட்டளையைக் கொடுத்தாள்.

எழுபத்திரண்டு நொடி. எண்பது. நிற்காமல் போனது. தொண்ணூற்று நாலாவது நொடியில் எண்கள் மாறின.

முப்பத்தெட்டு சதவீதம்.

அடுத்த நிறுத்தம் அரை நொடிக்கும் குறைவாக இருந்தது. அதற்கடுத்ததும் அப்படித்தான். வராந்தாவில் நர்ஸுகள் ஒருவரையொருவர் கட்டிக்கொண்டார்கள். காந்திமதி டீச்சர் டீ போட்டாச்சா என்று கேட்டார். டாக்டர் இருதயராஜ் சர்வர் அறை வாசலில் நின்று இரண்டு கைகளாலும் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "நீங்க இல்லன்னா..." என்று தொடங்கினார். ஜன்னத் கையைக் காட்டி நிறுத்தச் சொன்னாள். அவள் இன்னும் எண்களைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஐம்பது சதவீதத்துக்குப் பக்கத்தில் நிற்க வேண்டியது முப்பத்தெட்டில் ஏன் நின்றது?

பேச்சிமுத்து கட்டிலில் எழுந்து உட்கார்ந்தபோது கோமதி பக்கத்தில் இருந்தாள். சொல்ல வேண்டியதை மனதுக்குள் சொல்லிச் சொல்லி வைத்திருந்தாள். அம்மா வீட்டுக்குப் போயிருக்கா. அங்கனயே பள்ளிக்கூடத்துல சேத்துருக்கு. நல்லா இருக்கா.

"சாப்பிட்டியாட்டி?" என்றார் அவர்.

"இல்ல."

"எனக்கும் பசிக்கி. வா."

சோற்றைப் பிசைந்து நன்றாகச் சாப்பிட்டார். ரசம் கேட்டு வாங்கினார். மாடித்தோட்டத்தில் பாகற்கொடி நன்றாகப் பிடித்திருக்கிறது என்றார். அவர் கண்கள் தெளிவாக இருந்தன. கோமதி ஒவ்வொரு வாய்க்கும் காத்துக்கொண்டிருந்தாள். கையலம்பும்போது கேட்பார். வெற்றிலை போடும்போது கேட்பார். மூன்று மணிக்கு, பள்ளிக்கூடம் விடும் நேரத்துக்குப் பிள்ளைகள் தெருவில் சத்தம் போட்டுக்கொண்டு போனார்கள். பேச்சிமுத்து ஜன்னல் வழியாகப் பார்த்தார். "என்னா ஆட்டம் போடுது பாரு," என்று சிரித்தார். வேறொன்றும் கேட்கவில்லை.

கோமதி எழுந்து சர்வர் அறைக்கு வந்தாள்.

"அக்கா, அவுக கேக்கவே இல்ல."

ஜன்னத்துக்கு அதற்குள் தெரிந்திருந்தது. இப்போது இடம் இருந்தது, புரோகிராமிடம் ஒவ்வொன்றாகக் கேட்டுப் பார்த்திருந்தாள். நாற்காலியை இழுத்து கோமதியை உட்காரச் சொன்னாள். கோமதி உட்காரவில்லை.

"ஒரு நினைவுக்குப் போறதுக்கு நிறைய வழி இருக்கும் கோமதி. உங்க பொண்ணு பொறந்தது, நடந்தது, பேசினது, ஒவ்வொண்ணுக்கும் தனித்தனியா வழி இருந்திருக்கும். ரொம்ப நாள் போகாத வழியைப் புரோகிராம் அழிச்சுடும். இந்த ரெண்டு வருஷமா அவர் அவளை எப்ப நினைச்சாலும் அந்த ஆத்தங்கரை வழியாத்தான் போயிருக்கார். மத்த வழியெல்லாம் போயிடுச்சு. அவளோட அஞ்சு வருஷமும் அந்த ஒரு நாள்லதான் ஒட்டிக்கிட்டு இருந்தது. நான் அந்த நாளைக் கழட்டினப்போ..."

"எல்லாம் போச்சா?"

"போச்சு."

"திரும்ப வராதா?"

"வராது."

"அப்போ அவுகளுக்கு இன்னும் பிள்ளையே பொறக்கல."

ஜன்னத் தலையசைத்தாள்.

"முன்னாலயே பாக்க முடியாதாக்கா?"

"முடியும். பதினைஞ்சு நிமிஷம் எல்லாரையும் நிறுத்தியிருக்கணும். பாக்கணும்னு எனக்குத் தோணுச்சு. பாக்காம அமுக்கிட்டேன். டாக்டர் சொன்னார்னு சொல்லலாம். ஆனா அமுக்கினது நான்தான்."

கோமதி திட்டவில்லை, அழவும் இல்லை. மேசையின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டு நின்றாள். "ரெண்டு வருஷமா அவுக அழுகையத் தாங்க முடியாம எத்தனையோ நாள் நான் கோவில் வாசல்ல போயி உக்காந்துருக்கேன்," என்றாள். "இப்பம்லா தெரியுது. அழுதாகன்னாலும் என்கூட ஒரு ஆள் அழுதுச்சு."

ஜன்னத் நாற்காலியை மறுபடி அவள் பக்கம் நகர்த்தினாள்.

"நான் சொல்லிக் குடுத்தா நிக்குமா?" என்று கேட்டாள் கோமதி.

"நிக்கும். நீங்க சொன்ன கதையா நிக்கும். அவர் பாத்ததா நிக்காது."

"நெறய எடம் பிடிக்குமா?"

"எடம் இருக்கு," என்றாள் ஜன்னத். "எவ்வளவு வேணும்னாலும் சொல்லுங்க."

கோமதி முந்தானையால் முகத்தை அழுத்தித் துடைத்துக்கொண்டு போனாள். சர்வர் அறைக் கதவு திறந்தே கிடந்தது. வராந்தாவில் பாகற்கொடிக்குக் கயிறு திரித்துக்கொண்டிருந்த பேச்சிமுத்துவுக்குப் பக்கத்தில் அவள் போய் உட்கார்வது ஜன்னத்துக்குத் தெரிந்தது. கயிற்றின் மறுமுனையை வாங்கிப் பிடித்துக்கொண்டாள்.

"நமக்கு ஒரு பொண்ணு பொறந்துச்சு," என்றாள். "உங்க மூக்கு அப்படியே."

பேச்சிமுத்து சிரித்தார். வேடிக்கை பேசுகிறாள் என்று நினைத்துக்கொண்டார்.

"எப்பட்டி?" என்று கேட்டார்.